நெய்வேலிக்குக் கடல் வந்த வெள்ளிக்கிழமை

1

நெய்வேலிக்குக் கடல் ஒரு தடவை வந்திருக்கிறது. 1963ஆம் வருஷம், ஒரு வெள்ளிக்கிழமை, மத்தியானச் சாப்பாட்டு வேளை. கடலூரிலிருந்து கிளம்பி வந்து, சுரங்கம் முழுக்க விளிம்பு தொட நிறைந்து, நடுவில் ஒரு பாய்மரக் கப்பலையும் மிதக்கவிட்டு, ஊர் சாப்பிட்டுக் கை கழுவுவதற்குள் வந்த வழியே திரும்பிப் போய்விட்டது. ஒரு மத்தி மீனைக்கூட விட்டுவைக்கவில்லை. அதை வரவழைத்தவர் மந்தாரக்குப்பம் சைபுல்லா. அவர் கையிலிருந்த சாமான் ஒரு பெரிய கண்ணாடியும் சில பெயிண்ட் டப்பாக்களும்.

நம்பமாட்டீர்கள். இந்தப் பத்தியை முதலில் வாசித்தவரும் நம்பவில்லை. அவர் பெயர் சுப்பிரமணியன். எங்கள் டவுன்ஷிப்பில் அந்தக் காலத்தில் கால் தடுக்கினால் ஏதாவது ஒரு சுப்பிரமணியன் மேல்தான் விழவேண்டும். ஆகவே அவரவர் வேலையை முன்னால் ஒட்டிச் சொல்வோம். கிரேன் சுப்பிரமணியன், பாய்லர் சுப்பிரமணியன், கேன்டீன் சுப்பிரமணியன். இவர் பம்ப் சுப்பிரமணியன். சுரங்கத்தில் தண்ணீர் இறைக்கும் பம்புகளுக்கு ஃபோர்மேனாக இருந்தவர். நான் டைம் ஆபீஸில், ஷிப்டுக்கு இறங்குகிறவர்களுக்கு டோக்கன் கொடுத்துக்கொண்டிருந்தவன். இருவரும் ரிட்டயராகிவிட்டோம். காலையில் என் வீட்டுக்கு வருவார், காப்பி குடிப்பார், நேற்று நான் எழுதியதை வாங்கிப் படிப்பார், ஓரத்தில் பென்சிலால் 'பொய்' என்று எழுதித் திருப்பித் தருவார். எனக்கு வாய்த்த விமரிசகர் அவர்.

இந்தக் கதை பிறந்ததற்கும் அவர்தான் காரணம். ஒருநாள் ஏதோ பழைய படத்தில் வெள்ளம் வந்து ஒரு அரண்மனையை அடித்துக்கொண்டு போவதை இருவரும் பார்த்துக்கொண்டிருந்தோம். "தண்ணி மாதிரியே இல்லீங்க" என்றார். அந்தத் தண்ணீர் சைபுல்லா செய்த தண்ணீர். எனக்குச் சுருக்கென்றது. "அவர் தண்ணியைப் பார்த்து ஒரு காலத்தில் சங்கு ஊதி ஊரையே ஓடவெச்சவர் நீங்கதானே சார்" என்று சொல்லிவிட்டேன். பாதிக் காப்பியை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போனார். மறுநாள் வந்து, "அப்படி ஒண்ணு நடக்கவே இல்லீங்க" என்றார்.

அன்றைக்கே பேனாவை எடுத்துவிட்டேன்.

2

எடுத்தேனே தவிர, எங்கே தொடங்குவது என்பதில் ஒரு வாரம் போயிற்று.

'கதிரவன் கீழ்வானில் மெல்ல—'

வேண்டாம். நெய்வேலியில் கதிரவன் எதையும் மெல்லச் செய்ததில்லை.

'திருவதிகையில் பிறந்த கலைச்செல்வர் சைபுல்லா இளமை முதற்கொண்டே ஓவியத்தில் தீராத—'

இது பாராட்டு விழா மலரில் வருவது. இதற்குக் கீழே ஒரு பொன்னாடை படமும் போடவேண்டியிருக்கும்.

'தண்ணீர்.'

இது பிடித்தது. ஆனால் இந்த ஒரு சொல்லுக்கு எங்கள் ஊரில் என்ன அர்த்தம் என்று வெளியூர்க்காரர்களுக்குச் சொல்லாமல் மேலே போக முடியாது. எங்கள் கரிக்கு அடியில் தண்ணீர் இருக்கிறது. சும்மா இருக்கிற தண்ணீர் இல்லை. மேலே வரத் துடித்துக்கொண்டிருக்கிற தண்ணீர். கரியைத் தோண்டவேண்டுமானால் சுற்றிலும் குழாய் இறக்கி இரவும் பகலும் அதை இறைத்துக்கொண்டே இருக்கவேண்டும். இறைப்பது நின்றால் பள்ளம் நிறைந்துவிடும். இது குவார்ட்டர்ஸில் குடியிருந்த எல்லாருக்கும், சோறு வடிக்கிற பெண்பிள்ளைகள் உட்பட, தெரியும். எங்கேயோ தொலைவில் பம்ப் ஓடும் 'ம்ம்ம்' சத்தம் எங்கள் காதில் எப்போதும் இருக்கும்.*

* அந்தச் சத்தம் ஒரு கணம் நின்றதால் முதலாம் பிளாக்கில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தைகள் எல்லாம் ஒரே நேரத்தில் விழித்து அழுதன என்று முதல் பிரதியில் எழுதியிருந்தேன். பம்ப் சுப்பிரமணியன் இதற்கு 'பொய்' போடவில்லை. 'நின்றதே இல்லை' என்று மட்டும் எழுதியிருக்கிறார்.

3

சைபுல்லா அப்போது கான்ட்ராக்டில் இருந்தார். வேலை, இயந்திரங்களுக்கு நம்பர் எழுதுவது. ஜெர்மனியிலிருந்து கப்பலில் வந்து இறங்கிய ராட்சச இயந்திரங்கள், மண்ணை அள்ளும் சக்கரம் ஒன்றே மாடிவீடு உயரம். அதன் நெற்றியில் கயிற்றில் தொங்கிக்கொண்டு வெள்ளைப் பெயிண்டில் எண் எழுதுவார். நிழல் விழுகிற மாதிரி எழுதுவார். கீழேயிருந்து பார்த்தால் எண் இரும்பைவிட்டு வெளியே துருத்திக்கொண்டு நிற்கும். ஒரு மேஸ்திரி தன் தூக்குவாளியை ஏழாம் நம்பரின் வளைவில் மாட்டப் பார்த்தார் என்பது—

(சரி. அது என் சேர்மானம். ஆனால் அந்த மேஸ்திரி நிமிர்ந்து ஒரு தடவை கையை நீட்டினார் என்பது நிஜம்.)

பர்மனென்ட் ஆர்டர் வரும் என்று சொல்லியிருந்தார்கள். பர்மனென்ட் ஆனால் குவார்ட்டர்ஸ். மந்தாரக்குப்பத்தில் ஒண்டுக்குடித்தனத்தில் இருந்த எல்லாரும் எந்தச் சாமியைக் கும்பிட்டாலும், எந்தப் பக்கம் திரும்பித் தொழுதாலும், கேட்டது அந்த இரண்டைத்தான்.

அந்தச் சமயத்தில்தான் மதராஸிலிருந்து சினிமாக்காரர்கள் வந்தார்கள். கடல் பொங்கி ஒரு தலைநகரத்தை விழுங்குகிற கதை. அவர்களுக்கு வேண்டியிருந்தது சாதாரணக் கடற்கரை இல்லை. செங்குத்தான கரையும் கறுத்த சுவருமாகப் பயமுறுத்துகிற ஒரு பள்ளம், அதற்குள் கடல். பள்ளம் எங்களிடம் இருந்தது. கடலை வரைந்துகொள்ளலாம் என்பது அவர்கள் ஏற்பாடு. தந்திரக் காட்சி எடுக்கிற கேமராக்காரர் ஒருவர் கூட வந்திருந்தார். ஒல்லி மனிதர், ஒரு கண்ணை எப்போதும் பாதி மூடியே வைத்திருப்பார். வந்த அன்றே இயந்திரத்தின் நெற்றியில் எண்ணைப் பார்த்துவிட்டு, எழுதியது யார் என்று விசாரித்திருக்கிறார்.

சுரங்கத்தின் கரையில் சைபுல்லாவை நிற்கவைத்து அவர் விளக்கினார். கேமராவுக்கு முன்னால் ஒரு கண்ணாடி. பள்ளம் தெரிகிற இடத்தில் மட்டும் கண்ணாடி மேல் தண்ணீர் வரையவேண்டும். மற்ற இடமெல்லாம் வெறும் கண்ணாடி. அதன் வழியாக நிஜ வானம், நிஜக் கரை, கரைமேல் நிஜமாக நகரும் இயந்திரம். கேமரா இருக்கும் இடத்திலிருந்து ஒற்றைக் கண்ணால் பார்த்தால் இரண்டும் ஒட்டிக்கொள்ளும். தலையை இந்தப் பக்கம் அந்தப் பக்கம் அசைத்தால் போச்சு. தூசிக்குப் பயந்து கேமராவை கெஸ்ட் ஹவுசில் வைத்துவிட்டார். அதன் இடத்தில் ஒரு கம்பத்தை நட்டு, பவுடர் டப்பா மூடியில் ஓட்டை போட்டு அதன்மேல் பொருத்தினார். ஓட்டைதான் கேமராவின் கண். கண்ணாடி, கம்பம், டப்பா மூடி எல்லாவற்றுக்கும் மேலே வெயில் கூசாமலிருக்க, கண்ணாடிக்கு எதிரே மட்டும் பள்ளத்தைப் பார்த்துத் திறந்த ஒரு கறுப்புத் துணிக் கூடாரம்.

கடைசியில் ஒன்று சொன்னார். அதை அவர் வாயாலேயே தருகிறேன்.

"மதராஸ்ல உட்கார்ந்திருக்கிறவனை யாரும் ஏமாத்தலாம்ப்பா. இந்தப் பள்ளத்தைத் தினம் பார்க்கிறவன் ஒருத்தன் ஏமாறணும். ஏமாந்தேன்னு அவன் வாயால எங்கிட்ட சொல்லணும். சொல்லிட்டான்னா நீ எங்கூட ஸ்டூடியோவுக்கு வர்றே. இல்லேன்னா நம்பர் எழுதிண்டிரு."

சைபுல்லா அன்றைக்கு வீட்டுக்கு நடந்து போகவில்லை. அவருடைய கால் தரையில் படவே இல்லை என்று எழுதலாமா?

எழுதிவிட்டேன்.

4

சித்தீகாவை இந்தக் கதையில் எப்படிக் கொண்டுவருவது என்று நிரம்ப யோசித்தேன். முதல் பிரதியில் அவர் 'சினிமா வேண்டாம்' என்று கண்ணீர் வடித்தார். இதை அவருக்குத் தெரிந்தவர்கள் யாராவது படித்தால் என்னை உதைப்பார்கள். சைபுல்லாவின் மனைவி சித்தீகா கண்ணீர் வடித்துக் கேட்கிற ஜாதி இல்லை. அவர் கேட்டது இதுதான்.

"பர்மனென்ட் ஆயிட்டா என்னா பண்ணுவீங்க?"

"நம்பர் எழுதுவேன்."

"இப்ப என்னா பண்ணிகினு இருக்கீங்க?"

"நம்பர்தான்."

"அப்புறம் எதுக்குங்க அது? வூடு வேணும்னா மதராஸ்லயுந்தான் வூடு இருக்குது."

சைபுல்லா முதலில் வரைந்த தண்ணீர் நீலமாக இருந்தது. காலண்டரில் வருகிற தண்ணீர். ஒருநாள் சித்தீகாவைக் கூட்டிக்கொண்டு போய் ஓட்டையில் கண்ணை வைக்கச் சொன்னார். பார்த்துவிட்டு, புடவை காயப்போட்டாப்போல இருக்குது என்றார். மறுநாள் சைபுல்லா நீலத்தைச் சுரண்டினார். இறைத்துக் கொட்டுகிற வாய்க்காலில் போய்க் குந்தி, எங்கள் ஊர்த் தண்ணீரின் நிறம் என்ன என்று பார்த்துக்கொண்டிருந்தார். அது மண்ணும் இல்லை, ஈயமும் இல்லை, வானத்தைக் கொஞ்சம் கலக்கிய டீ. அந்த நிறத்தில் வரைந்தார். சித்தீகா மறுபடி கண்ணை வைத்தார். இந்தத் தடவை நிறைய நேரம் பார்த்தார். தலையை எடுத்தபோது கொஞ்சம் பயந்திருந்தார்.

"தண்ணிதான்" என்றார். "ஆனா தொட்டியில தண்ணி ஏறுனா அதுக்கு மேல சுவத்துல ஈரம் இருக்கும்ல? அது எங்க?"

சைபுல்லா தலையில் அடித்துக்கொண்டார். ஈரக்கோடு. தண்ணீருக்குச் சற்று மேலே, கரிச்சுவரில் ஊறிய ஒரு கறுப்பு விளிம்பு. அதை வைத்த பிறகு அந்தக் கண்ணாடியில் தண்ணீர் இன்னும் ஏறிக்கொண்டிருந்தது.

(இதற்குப் பம்ப் சுப்பிரமணியன் 'பொய்' போடவில்லை. ஓரத்தில் பென்சில் முனையை ஊன்றி, ஊன்றி, ஒரு புள்ளி மட்டும் வைத்திருக்கிறார்.)

5

இப்போது வெள்ளிக்கிழமைக்கு வந்துவிட்டோம். எனக்குக் கை பரபரக்கிறது.

காலையில் சைபுல்லா டப்பா மூடியின் பளபளப்பு கண்ணைக் கூசுகிறது என்று அதற்குக் கறுப்புப் பெயிண்ட் அடித்தார். கண்ணாடியில் கடைசியாக ஏதோ கைவேலை செய்தார். பிறகு கூடாரத்தை இழுத்துக் கட்டிவிட்டு, ஜும்மா தொழ மந்தாரக்குப்பம் போய்விட்டார். கேமராக்காரர் சாப்பிடப் போயிருந்தார்.

அடுத்து நடந்ததை எழுதுவதில் ஒரு சிக்கல். அந்த இடத்தில் சைபுல்லா இல்லை. நானும் இல்லை. இருந்த ஒரே ஆள் 'நான் இல்லை' என்கிறார். ஆகவே கீழே வருவது என் கற்பனை என்று எடுத்துக்கொள்ளுங்கள். கோர்ட்டுக்கு யாரும் போகவேண்டாம்.

பம்ப் பம்பாகப் பார்த்துக்கொண்டு கரையோரம் வருகிறார் ஃபோர்மேன் சுப்பிரமணியன். எல்லா பம்பும் ஓடுகிறது. அவருக்குத் திருப்தி. எதிரே ஒரு கறுப்புக் கூடாரம். துணியை விலக்கி உள்ளே பார்க்கிறார். இருட்டு. இருட்டில் ஒரு டப்பா மூடி, அதில் வெளிச்சமாக ஒரு ஓட்டை. ஓட்டையைக் கண்டால் கண்ணை வைக்காத மனிதன் இன்னும் பிறக்கவில்லை. குனிந்து வலது கண்ணை வைக்கிறார்.

தண்ணீர். அவருடைய சுரங்கத்தில். கரையில் நிஜமான இயந்திரம் நிஜமாக நகர்ந்துகொண்டிருக்க, அதற்குக் கீழே பள்ளம் பூராவும் தண்ணீர், சுவரில் ஈரம் ஏறுகிறது. நடுவில் ஒரு கப்பல்—

(இல்லை. கப்பலை எடுத்துவிடுகிறேன். முதல் பக்கத்தில் ஜம்பமாகப் போட்டுவிட்டேன், ஒப்புக்கொள்கிறேன், கப்பல் நான் சேர்த்தது. கேமராக்காரர் கடலைத்தான் கேட்டார். கப்பலை யாரும் கேட்கவில்லை. கடல் என்று வந்த பிறகு ஒரு கப்பல் இல்லாவிட்டால் நன்றாயில்லையே என்று கை தானாகப் போட்டுவிட்டது. 'தண்ணீரைக்கூட விடுங்கள், கப்பலைப் பார்த்து எந்த மடையனாவது நம்புவானா' என்று பம்ப் சுப்பிரமணியன் கேட்கிறார். நியாயமான கேள்வி. அடித்துவிட்டேன். இனி இந்தக் கதையில் கப்பல் கிடையாது.)

—நடுவில் ஒன்றும் இல்லை. வெறும் தண்ணீர். துள்ளி எழுந்ததில் கூடாரம் அவர் தோளோடு போகிறது, கண்ணாடி சரிந்து கல்லில் விழுகிறது. அவர் திரும்பிப் பார்க்கவில்லை. ஓடுகிறார்.

இனி வருவது கற்பனை இல்லை, நான் கண்ணால் கண்டது. சாப்பாட்டு வேளையில் ஒருநாளும் ஊதாத சுரங்கத்து அபாயச் சங்கு ஊதியது. நிற்காமல் ஊதியது. குவார்ட்டர்ஸில் கதவுகள் எல்லாம் ஒரே சமயத்தில் திறந்தன. ஒரு வீட்டில் குழம்புச் சட்டியோடு ஓடினார்கள், கரண்டி உள்ளேயே கலக்கிக்கொண்டு வந்தது. கேன்டீன் சுப்பிரமணியன் இலையில் போட்ட அப்பளத்தை உடையாமல் ஏந்திக்கொண்டு வடலூர் ரோடு வரைக்கும் போனார். பாதிக் கன்னம் மழித்த ஒருவர் பண்ருட்டி பஸ்ஸில் ஏறிவிட்டார். மீதிக் கன்னத்தை அங்கேதான் மழித்தாராம். டைம் ஆபீஸ் ஜன்னலில் டோக்கன்கள் மழையாக விழுந்தன. இரண்டு பேர் பள்ளத்திலிருந்து மூச்சு வாங்க ஏறி வந்தார்கள். அவர்கள் பேசியது இன்னும் என் காதில் இருக்கிறது.

"தண்ணி வந்துடுச்சாம்டா."

"எங்க?"

"நம்ம நின்னுகினு இருந்த எடத்துலதான்."

கேட்டவன் குனிந்து தன் காலைப் பார்த்தான். காய்ந்த செம்மண் தூசி. ஒரு கணம் யோசித்தான். பிறகு அவனும் ஓடினான். காலை நம்புவதா சங்கை நம்புவதா என்று வந்தால் நெய்வேலிக்காரன் சங்கைத்தான் நம்புவான்.

சைபுல்லா மட்டும் எதிர்த்திசையில் ஓடி வந்துகொண்டிருந்தார், தொப்பியோடு. கூடாரம் கிடந்த இடத்துக்கு வந்தார். கண்ணாடி சில்லுசில்லாகக் கிடந்தது. குனிந்து ஒரு சில்லை எடுத்துப் பார்த்தார். அப்புறம் சங்குச் சத்தத்தை ஒரு தடவை கேட்டார், டப்பா மூடியை ஒரு தடவை பார்த்தார். மூடியில் காயாமல் இருந்த கறுப்புப் பெயிண்ட் ஓட்டையைச் சுற்றி வட்டமாக ஒற்றி எடுபட்டிருந்தது. யாரோ கண்ணை வைத்திருக்கிறார்கள். வைத்தவர் நம்பியிருக்கிறார்.

இந்தப் பள்ளத்தைத் தினம் பார்க்கிறவன் ஒருத்தன்.

சில்லுகள் நடுவில் நின்று சைபுல்லா சிரிக்க ஆரம்பித்தார்.

6

சங்கு ஓய்ந்தபோது பெரிய ஆபீசர்கள் ஜீப்பில் வந்து இறங்கியிருந்தார்கள். சுரங்கம் உலர்ந்து கிடந்தது. பம்புகள் 'ம்ம்ம்' என்று ஓடிக்கொண்டிருந்தன. யார் ஊதியது என்று கேட்டார்கள். கூட்டம் விலகியது. நடுவில் ஃபோர்மேன் சுப்பிரமணியன், வலது கண்ணைச் சுற்றிக் கறுப்பாக, காம்பஸ் வைத்து வரைந்ததுபோல் ஒரு வட்டத்தோடு நின்றார்.

"பரிசோதனைங்க சார்" என்றார். "ஆபத்துன்னா எத்தனை சீக்கிரம் மேல வர்றாங்கன்னு பார்த்தேனுங்க."

ஆபீசர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அப்புறம் அதில் மூத்தவர் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார். இப்படி ஒரு பொறுப்புள்ள மனிதர் இருப்பது இவ்வளவு நாள் தெரியாமல் போயிற்றே என்று வருத்தப்பட்டார். கண்ணில் என்ன என்று விசாரித்தார். கிரீஸ் என்று பதில் வந்தது.

அதோடு தீர்ந்தது. கை குலுக்கிய பிறகு ஒரு மனிதன் எப்படித் திரும்பிப் போய் உண்மையைச் சொல்வான்?

கூட்டம் கலைந்ததும் சைபுல்லா அவரிடம் போனார். பின்னாலேயே கேமராக்காரர், ஒரு கண்ணைப் பாதி மூடிக்கொண்டு.

"சார், நீங்க ஓட்டையில பாத்தீங்கதானே?"

"எந்த ஓட்ட?"

"டப்பா மூடிங்க சார். உங்க கண்ணுல இருக்கறது எம் பெயிண்டு."

"கிரீஸுங்க பாய்."

"சார், நீங்க ஒரு வார்த்த சொன்னா நான் மதராஸ் போயிருவேன் சார். இவுங்க அத மட்டுந்தான் கேக்கறாங்க. தண்ணிய பாத்தேன்னு ஒரு வார்த்த."

சுப்பிரமணியன் பள்ளத்தைப் பார்த்தார், சைபுல்லாவைப் பார்த்தார். "என் சுரங்கத்துல தண்ணி வராது" என்று சொல்லிவிட்டு நடந்தார்.

கேமராக்காரர் தோளைக் குலுக்கினார். வட்டத்தை அவரும்தான் பார்த்தார். ஆனால் பேச்சு என்றால் பேச்சு: வாயால் சொல்லவேண்டும். காலையில் தங்கள் வேன் கிளம்புவதாகச் சொல்லிவிட்டு அவரும் போனார். சைபுல்லா டப்பா மூடியைக் கழற்றி சட்டைப்பைக்குள் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போனார். சித்தீகா சோற்றைப் போட்டுவிட்டு எதிரே உட்கார்ந்தார். இந்த இடத்தில் நான் நகைச்சுவையாக ஏதோ ஒன்று எழுதியிருந்தேன். எடுத்துவிட்டேன்.

7

அப்படியானால் சைபுல்லா போகவில்லையா? போனார்! உங்களுக்கே தெரியும், தெரிந்தும் தெரியாமல் அவருடைய வேலையைப் பார்த்துக் கைதட்டியிருக்கிறீர்கள். அறுபத்து மூன்றிலிருந்து அறுபத்தொன்பது வரை தமிழ்ப்படங்களில் எரிந்த நகரங்களில் முக்கால்வாசி அவர் கொளுத்தியவை. ஐவேளை தொழுகிற அந்த மனிதர் வானத்திலிருந்து இறக்கிய தேவர்களை எண்ணினால் தேவலோகத்தில் வாசலைக் காக்கக்கூட ஆள் மிஞ்சியிருக்காது. ஸ்டூடியோவில் அவரை 'நெய்வேலி பாய்' என்பார்கள். எரிமலை வேண்டுமானால் ஊரிலிருந்து கரித்தூள் தருவிப்பார். ஒருமுறை இமயமலைக்குப் பனி வேண்டும் என்று நெல்லிக்குப்பம் ஆலையிலிருந்து சர்க்கரை மூட்டை மூட்டையாக வரவழைத்துக் கொட்டினார். விளக்கைப் போட்டதும் பனி பளபளத்தது பாருங்கள், தயாரிப்பாளர் சால்வையைத் தேடினார். ஆனால் சாப்பாட்டு இடைவேளையில் எறும்பு வந்துவிட்டது. திரும்பி வந்து பார்த்தால் இமயமலை மெதுவாகத் தெற்கு நோக்கிப் போய்க்கொண்டிருக்கிறது. அப்படியே படம் பிடித்துக்கொண்டார்கள். படத்தில் அது 'பர்வதம் நடுங்கியது' என்று வருகிறது.

 பொய், பொய், பொய். (பென்சிலில், மூன்று தடவை.)

மந்தாரக்குப்பம் டூரிங் கொட்டகையில் அவர் பெயர் முதன்முதல் எழுத்தில் வந்தபோது ஊரே எழுந்து நின்றது. ஒரு தும்மல் நேரம் வந்து போயிற்று அந்தப் பெயர். எழுந்து நின்றதில் முன்னால் இருந்தவர்கள் தலை மறைத்து, பின்னால் யாரும் பார்க்கவில்லை. மறுநாள் மறுபடி போனோம்.

ஆக, போனார். அதில் சந்தேகமில்லை. சனிக்கிழமை காலை அந்த வேன் மந்தாரக்குப்பம் கடைத்தெருவில் நின்றதை, சைபுல்லாவும் சித்தீகாவும் ஒரு டிரங்குப் பெட்டியோடு ஏறியதை, வளையல் கடை பதுருன்னிசா உட்படப் பத்துப் பேர் பார்த்தார்கள்.

கேள்வி இதுதான். வெள்ளிக்கிழமை சாயங்காலம் 'முடியாது' என்று போன கேமராக்காரர் சனிக்கிழமை காலை ஏன் வேனை நிறுத்தினார்?

இதை சைபுல்லாவிடமே பலமுறை கேட்டிருக்கிறேன். கண்ணாடியில் என்னவெல்லாம் வரைந்தீர்கள் என்றும் கேட்டிருக்கிறேன். எதைக் கேட்டாலும் சிரிப்பார், "பம்ப் சாரைக் கேளுங்க" என்பார். பம்ப் சாரைக் கேட்டால் ஒன்றும் நடக்கவில்லை என்பார். இந்த இரண்டு சுவர்களுக்கு நடுவில் மாட்டிக்கொண்ட ஒரு கதாசிரியன் என்ன செய்வான்? முடிவைத் தானே வரைந்துகொள்ள வேண்டியதுதான்.

8

முடிவு ஒன்று. கேமராக்காரர் சாயங்காலம் தனியாகக் கரைக்குப் போகிறார். கண்ணாடிச் சில்லுகளைப் பொறுக்கி ஒவ்வொன்றாகச் சேர்த்துப் பார்க்கிறார். சில்லுச் சில்லாக இருந்தும் தண்ணீர் ஏறுகிறது. கண் கலங்குகிறார். (கலங்குவது பாதி மூடிய கண்ணா, மற்றதா என்று முடிவு செய்யவில்லை.)

முடிவு இரண்டு. சித்தீகா கெஸ்ட் ஹவுசுக்கே போய்விடுகிறார். பேசிய பேச்சில் கேமராக்காரரின் இரண்டு கண்ணும் முழுக்கத் திறந்துகொள்கின்றன. எனக்குப் பிடித்த முடிவு. ஆனால் சித்தீகா அன்றைக்கு வீட்டைவிட்டு நகரவில்லை என்பதற்குப் பக்கத்து வீட்டு சாட்சி இருக்கிறது.

முடிவு மூன்று. தயாரிப்பாளர் ஆகாய விமானத்தில் நெய்வேலிக்கு மேலே பறக்கும்போது, சைபுல்லா கூரையில் வரைந்திருந்த—

விடுங்கள். எனக்கே நெஞ்சு அடைக்கிறது.

மூன்றில் எதை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள். மூன்றும் வேண்டாமென்றால் நாலாவதாக ஒன்றை நீங்களே செய்துகொள்ளுங்கள். கதையை இந்த இடத்தில் உங்கள் கையில் கொடுத்துவிட்டு நான் எழுந்துகொள்வதாகத்தான் இருந்தேன். கீழே கோடுகூடப் போட்டுவிட்டேன்.

9

இன்று காலை பம்ப் சுப்பிரமணியன் வந்தார். காப்பி வந்தது. எட்டுப் பகுதியையும் மொத்தமாகக் கொடுத்தேன். படித்தார். பென்சிலை எடுத்துக் காதில் செருகிக்கொண்டு படித்தார். அதைத் திரும்ப எடுக்கவே இல்லை. மூன்று முடிவுக்கும் ஒன்றும் சொல்லவில்லை. தாளைப் பின்னால் புரட்டி, ஐந்தாம் பகுதிக்குப் போய், அங்கேயே நின்றார்.

"கப்பல ஏன் சார் அடிச்சீங்க?"

நீங்கள்தானே மடையன்கூட நம்பமாட்டான் என்றீர்கள் என்றேன்.

காப்பியை எடுத்தார், குடிக்காமல் வைத்தார். என் மனைவி புஷ்பவல்லி உள்ளேயிருந்து எட்டிப் பார்த்துவிட்டு, என்னைப் பார்த்து வாயை மூடிக்கொண்டிருக்கும்படி சைகை காட்டினாள். முப்பது வருஷத்தில் முதல்தடவையாக அவள் சொன்னதைக் கேட்டேன்.

"திரும்பப் போடுங்க" என்றார்.

"ஏன் சார்?"

"இருந்துச்சுங்க."

எனக்குப் பேனா நழுவிவிட்டது. என் கையால் நான் போட்ட பொய், அறுபத்து மூன்றாம் வருஷத்திலேயே அங்கே வந்து நங்கூரம் போட்டு எனக்காகக் காத்திருந்திருக்கிறது. கேமராக்காரர் கேட்காததை, அந்த வெள்ளிக்கிழமை காலை ஜும்மாவுக்குக் கிளம்புமுன், சைபுல்லாவின் கையும் தானாகப் போட்டிருக்கிறது. கடல் என்று வந்த பிறகு ஒரு கப்பல் இல்லாவிட்டால் நன்றாயில்லையே. கதை அளக்கத் தெரிந்தவர்கள் எல்லாரும் கடைசியில் ஒரே துறைமுகத்துக்குத்தான் போய்ச் சேருகிறோம்.

அவர் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். அன்று சாயங்காலம் கண்ணைச் சுற்றியிருந்ததை மண்ணெண்ணெய் போட்டுத் தேய்த்துக் கழுவிக்கொண்டு கெஸ்ட் ஹவுசுக்குப் போயிருக்கிறார். கேமராக்காரரிடம், ஊரில் யாருக்கும் தெரியக்கூடாது என்று வாக்கு வாங்கிக்கொண்டு, நான் பார்த்தேன், நம்பினேன் என்று சொல்லியிருக்கிறார். இரக்கப்பட்டுச் சொல்கிறீர்களா என்று அவர் கேட்டாராம். இல்லை, தண்ணீரும் இருந்தது, கப்பலும் இருந்தது என்றாராம் இவர். கேமராக்காரர் நிமிர்ந்து உட்கார்ந்து, நான் கப்பலே கேட்கவில்லையே என்றாராம். காலையில் வேன் மந்தாரக்குப்பத்தில் நின்றது ஒரு கேள்வி கேட்பதற்கு. "கப்பல் வரைஞ்சியா?" சைபுல்லா திருடன் மாதிரித் தலையைக் குனிந்துகொண்டாராம். பெட்டியை எடுத்துக்கொண்டு வரச் சொன்னாராம் கேமராக்காரர்.

மெதுவாகக் கேட்டேன். "தண்ணியைப் பார்த்து ஓடினீங்க, சரி. கப்பலைப் பார்த்த பிறகாவது இது பொய்னு தோணலையா சார்?"

"கப்பலப் பார்த்துத்தானுங்க ஓடினேன்" என்றார். "வெறும் தண்ணின்னா இன்னும் ரெண்டு பம்பு போட்டு இறைச்சிருப்பேன். கப்பலே வந்துருச்சுன்னா கடலூர்க் கடல் உள்ள பூந்துருச்சுன்னு அர்த்தமில்லீங்களா? கடல எத்தனை பம்பு போட்டு இறைக்கறது?"

காதிலிருந்த பென்சிலை எடுத்தார். முதல் பக்கத்துக்குப் போய், முதல் பத்தியின் ஓரத்தில் தான் எழுதியிருந்த 'பொய்' என்பதை ஒரே கோடாக அடித்தார். பிறகு ஜன்னல் பக்கம் தலையைச் சாய்த்து எதையோ கேட்பதுபோல் இருந்தார்.

"பம்பெல்லாம் ஓடிட்டுத்தான் இருந்துச்சுங்க" என்றார். "பக்கத்துலயே ஓடுது, காதுல நல்லாக் கேக்குது. ஆனா கப்பல் நிக்குதுங்களே."